தில்லை மரம்: சிதம்பரத்துக்குப் பேர் கொடுத்த மரம் இப்போ எங்கே இருக்கு?

சிதம்பரத்தின் பழைய பெயர் தில்லை. நடராஜர் கோயிலின் தல விருட்சமும் தில்லை மரம்தான். ஊரின் காளி கோயிலுக்கும் தில்லைக் காளி கோயில் என்றே பெயர். ஆனால், அந்தத் தில்லைக் காட்டை இன்று ஊருக்குள் தேடினால் கிடைக்காது. மரத்தைப் பார்க்கணும்னா, சுமார் 15 கி.மீ. தொலைவில் உள்ள பிச்சாவரத்துக்குத்தான் போகணும்.

அது என்ன மரம்?

தில்லை, ஆமணக்கு குடும்பத்தைச் சேர்ந்த பசுமைமாறா மரம். அறிவியல் பெயர் எக்ஸோகேரியா அகலோச்சா. கடல்நீர் ஏறி இறங்கும் கழிமுகச் சேற்று நிலத்தில் வளரும். ஆண் மரம், பெண் மரம் தனித்தனி. உதிரும் முன் இலைகள் சிவந்துவிடும். கபிலரின் குறிஞ்சிப்பாட்டு சொல்லும் 99 பூக்களில் தில்லைப் பூவும் ஒன்று.

எப்படி அடையாளம் காண்பது?

பிச்சாவரத்தில் அதிகம் பேசப்படும் சுரபுன்னைக்கு வளைந்த தாங்கு வேர்கள் இருக்கும். தில்லைக்கு அது கிடையாது. இலையைக் கிள்ளினால் வெள்ளைப் பால் வடியும். ஆனால், கிள்ளிப் பார்க்க வேண்டாம்.

பால் பட்டா என்ன ஆகும்?

தோலில் பட்டால் எரிச்சல், கொப்புளம் வரும். கண்ணில் பட்டால் தற்காலிகமாகப் பார்வையே போகலாம். பட்டுவிட்டால் கண்ணைக் கசக்காமல், சுத்தமான தண்ணீரில் நன்றாகக் கழுவி உடனே டாக்டரிடம் போக வேண்டும்.

எதற்கெல்லாம் பயன்பட்டது?

ஆசியக் கடற்கரைகளில் இதன் பாலை நீரில் கலந்து மீன் பிடித்திருக்கிறார்கள். ஆறாத புண், தொழுநோய்க்கு நாட்டு வைத்தியத்தில் பயன்படுத்தியிருக்கிறார்கள். நச்சுப் பால் என்பதால் வீட்டில் யாரும் முயற்சி செய்யக் கூடாது. மரம் லேசானது, விறகு, கரி, தீக்குச்சிக்கு உதவியது.

இப்போ என்ன நிலை?

வெள்ளாறு, கொள்ளிடம் முகத்துவாரங்களுக்கு இடையே இருக்கிறது பிச்சாவரம் அலையாத்திக் காடு. ஒரு காலத்தில் மொத்தமாக மரம் வெட்டப்பட்ட இடங்களில் நிலம் தாழ்ந்து, உப்புநீர் தேங்கி, மறுபடி மரம் முளைக்கவில்லை. 1990-களில் வனத்துறையும் எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் கிளைக் கால்வாய்கள் வெட்டி, கடல்நீர் வந்து போக வழிசெய்த பிறகே காடு திரும்பியது. 2004 சுனாமியில் பின்னால் இருந்த கிராமங்களுக்கு அலையின் வேகத்தைக் குறைத்துக் கொடுத்தது இந்தக் காடுதான். 2022-ல் ராம்சர் பட்டியலிலும் சேர்ந்தது.

அடுத்த முறை பிச்சாவரத்தில் படகில் போகும்போது சிவந்த இலைகளைக் கண்டால் கவனியுங்க, அது தில்லையாக இருக்கலாம். கண்ணால் பாருங்க, கையால் தொடாதீங்க.