காதால் பார்த்த பேஸ்பால்

ஏப்ரல் பிறந்துவிட்டால் என் காலைப் பொழுது மாறிவிடும். காபி டம்ளரோடு வாசல் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து, செல்போனைத் தட்டி, இயர்போனைக் காதில் மாட்டிக்கொள்வேன். இங்கே திருச்சியில் காலை 7.40. லாஸ் ஏஞ்சல்ஸில் முந்தின நாள் இரவு 7.10. அங்கே டாட்ஜர்ஸ் அணியின் பேஸ்பால் ஆட்டம் சொந்த மைதானத்தில் நடந்தால் பெரும்பாலும் அந்த நேரத்தில்தான் ஆரம்பிக்கும்.

“ஏங்க, காலங்காத்தால அமெரிக்காக்காரனோட பேச ஆரம்பிச்சாச்சா?” என்று என் மனைவி கேட்பாள். நான் பேசுவதில்லை, கேட்பதோடு சரி. ஐந்தாறு வருடமாக விழித்திரைக் கோளாறு. டி.வி.யில் பந்து எங்கே போகிறது என்று தெரியாது. கிரிக்கெட்டே எனக்கு மங்கலாகிவிட்டது. காது மட்டும் இன்னும் நன்றாக இருக்கிறது.

கில்லி, கபடி, கிரிக்கெட் தவிர வேறு தெரியாத எனக்கு இந்தப் பைத்தியம் பிடித்தது 2016-ல். மகள் வீட்டுக்கு லாஸ் ஏஞ்சல்ஸ் போயிருந்தோம். அப்போது கேபிள் டி.வி. கட்டணத் தகராறால் அந்த நகரத்துப் பெரும்பாலான வீடுகளில் தங்கள் ஊர் அணியின் ஆட்டத்தையே பார்க்க முடியாத நிலை. மாப்பிள்ளை காரில் போகும்போது ரேடியோவைத் திருப்பினார். ஒரு வயதான குரல், அவசரமே இல்லாமல், எதிரில் உட்கார்ந்து கதை சொல்வது போலப் பேசிக்கொண்டிருந்தது. நடுநடுவே பந்து விழுந்தது, ஆள் ஓடினான், கூட்டம் கத்தியது. எனக்கு ஆட்டம் புரியவில்லை, ஆனால் குரலை விட்டுக் காதை எடுக்க முடியவில்லை.

அவர் வின் ஸ்கல்லி. 1950-ல் டாட்ஜர்ஸ் அணி நியூயார்க்கின் புரூக்ளினில் இருந்தபோதே வர்ணனை செய்ய ஆரம்பித்தவர். நான் கேட்டது அவருடைய 67-வது, கடைசி சீசன். என் வயது அப்போது 66. நான் பிறந்த வருடத்தில் வேலைக்குச் சேர்ந்த ஒருவர் இன்னும் ஓய்வு பெறவில்லை, நான் பென்ஷன் வாங்கி ஆறு வருடம் ஆகிவிட்டது!

ஊர் திரும்பியபின் பேரன் செல்போனில் செயலியைப் போட்டுக் கொடுத்து, விதிகளையும் சொல்லிக்கொடுத்தான். இந்த ஆட்டத்துக்கும் ரேடியோவுக்கும் உள்ள உறவைப் பற்றி நானும் கொஞ்சம் தேடினேன். தேடத் தேட, 38 வருடம் தந்தி இலாகாவில் வேலை பார்த்த எனக்கு அது என் சொந்தக் கதை போலவே ஆகிவிட்டது.

ஆரம்பம் 1921 ஆகஸ்ட் 5. அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் நகரில் கேடிகேஏ என்ற வானொலி நிலையம் தொடங்கி ஒரு வருடம்கூட ஆகவில்லை. வெஸ்டிங்ஹவுஸ் கம்பெனியில் வேலை பார்த்துக்கொண்டிருந்த ஹெரால்ட் ஆர்லின் என்ற இளைஞர், ஃபோர்ப்ஸ் ஃபீல்ட் மைதானத்தில் சாதாரண ரசிகர் போல டிக்கெட் எடுத்து உட்கார்ந்தார். தொலைபேசி ஒன்றையே மைக்காக மாற்றி வைத்துக்கொண்டு, நடப்பதைப் பேசினார். பிட்ஸ்பர்க் 8, பிலடெல்பியா 5. பெரிய அணிகளின் பேஸ்பால் ஆட்டம் ரேடியோவில் வந்தது அதுதான் முதல் தடவை.

ஆனால் வெளியூர் ஆட்டம் என்றால் அங்கே ஆள் அனுப்பவும் லைன் வாடகைக்கும் பணம் வேண்டுமே? இங்கேதான் எங்கள் தந்தி வருகிறது.

மைதானத்தில் ஒரு தந்திக்காரர் உட்கார்ந்து ஒவ்வொரு பந்துக்கும் மோர்ஸில் இரண்டு மூன்று எழுத்து அடிப்பார். பல நூறு மைலுக்கு அப்பால் வானொலி நிலையத்தில் இன்னொரு தந்திக்காரர் அதைச் சீட்டில் எழுதி வர்ணனையாளரிடம் நீட்டுவார். சீட்டில் ‘எஸ் 1 சி’ என்று மட்டும் இருக்கும். முதல் ஸ்ட்ரைக், பேட்டர் மட்டையை வீசவில்லை, நடுவரே சொன்னது என்று அர்த்தம். அவ்வளவுதான் தகவல். வர்ணனையாளர் அதை வைத்துக்கொண்டு, பிட்சர் தொப்பியைச் சரி செய்கிறார், குனிகிறார், வீசுகிறார் என்று ஒரு மைதானத்தையே கட்டி எழுப்புவார். குச்சியால் மரத்துண்டில் தட்டினால் மட்டைச் சத்தம். கூட்டத்தின் இரைச்சலுக்கு இசைத்தட்டு.

நம் இலாகாவிலும் வாழ்த்துத் தந்திக்கு எண்கள் இருந்தது உங்களுக்கு நினைவிருக்கும். இங்கே ஒரு எண்ணை அடித்தால், அங்கே மணமக்களுக்கு முழு ஆசீர்வாதமே போய்ச் சேரும். அதே வித்தைதான்.

அயோவா மாநிலத்தில் டபிள்யூஹெச்ஓ என்ற நிலையத்தில் 1930-களில் இந்த வேலையைச் செய்தவர் ரொனால்ட் ரீகன். ஆமாம், பின்னால் ஜனாதிபதியான அவரேதான். ஒருநாள் ஆட்டத்தின் நடுவில் தந்தி லைன் அறுந்துவிட்டது. லைன் போய்விட்டது என்று சொன்னால் கேட்பவர்கள் வேறு நிலையத்துக்குப் போய்விடுவார்கள். அதனால் பேட்டர் பந்தை எல்லைக் கோட்டுக்கு வெளியே தட்டினார், அடுத்ததையும் தட்டினார், அதற்கடுத்ததையும் தட்டினார் என்று நிமிடக்கணக்கில் ஓட்டினார். ஃபௌல் பந்துக்கு ஸ்கோரில் கணக்குக் கிடையாது, அதனால் வம்பில்லை! லைன் திரும்ப வந்தபோது பார்த்தால், அந்த பேட்டர் முதல் பந்திலேயே அவுட்டாகியிருந்தாராம். ரீகன் பிற்காலத்தில் இதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்திருக்கிறார். லைன் அறுந்தால் நாங்கள் பட்ட பாட்டை நினைத்து நானும் சிரித்தேன்.

அணி முதலாளிகளுக்கு வேறு கவலை. வீட்டில் இலவசமாகக் கேட்டால் எவன் டிக்கெட் வாங்குவான்? நியூயார்க்கின் மூன்று அணிகளும், யாங்கீஸ், ஜயண்ட்ஸ், டாட்ஜர்ஸ், கூடிப் பேசி 1934 முதல் 1938 வரை ரேடியோவுக்குத் தடை போட்டன. டாட்ஜர்ஸ் நிர்வாகத்துக்கு வந்த லாரி மெக்பெயில் அந்த ஒப்பந்தத்தை நீட்டிக்க மறுத்து, 1939-ல் ரெட் பார்பர் என்ற வர்ணனையாளரைக் கூட்டிவந்தார். ரேடியோ கேட்டவர்கள் மைதானத்துக்கு வராமல் போகவில்லை. கேட்டுக் கேட்டு ஆசை வந்து, குடும்பத்தோடு வந்தார்கள். சமையல்காரர் பக்கத்துத் தெருவில் இருந்தாலும் வாசனை வந்தால்தானே பசி எடுக்கும்?

இந்த ரெட் பார்பர் மேஜைமேல் மூன்று நிமிட மணல் கடிகாரம் ஒன்று வைத்திருப்பார். முட்டை வேகவைக்க வைத்துக்கொள்வார்களே, அதேதான். மணல் இறங்கி முடிந்தால் ஸ்கோரைச் சொல்லிவிட்டுத் திருப்பி வைப்பார். நடுவில் வந்து கேட்பவன் தவிக்கக் கூடாது என்ற அக்கறை. இன்று டி.வி.யில் ஸ்கோர் எப்போதும் மூலையில் இருக்கிறது. என்னைப் போன்றவனுக்கு அந்த மூலை தெரியாது. அந்த மணல் கடிகாரத்தின் அருமை எனக்குத் தெரியும். வின் ஸ்கல்லி இந்த பார்பரின் சீடர்தான்.

1954 அக்டோபரில் ரீஜென்சி டிஆர்-1 என்ற முதல் டிரான்சிஸ்டர் ரேடியோவை அறிவித்தார்கள், விலை 49.95 டாலர். நான்கு வருடம் கழித்து டாட்ஜர்ஸ் அணி லாஸ் ஏஞ்சல்ஸுக்குக் குடிபெயர்ந்தது. சொந்த மைதானம் கட்டும்வரை ஒலிம்பிக் நடந்த கொலீசியத்தில் ஆட்டம். 90,000 பேருக்கு மேல் உட்காரும் இடம், பின்வரிசைக்காரருக்கு ஆட்டக்காரர் எறும்பு மாதிரி. அதனால் மைதானத்துக்கு உள்ளேயே டிரான்சிஸ்டரோடு வந்தார்கள். கண்ணால் பார்த்தது நிஜம்தானா என்று ஸ்கல்லியின் குரலில் உறுதி செய்துகொண்டார்கள். 1960-ல் ஒருநாள் ஸ்கல்லி ரேடியோவில், “இன்று நடுவர் ஃபிராங்க் செகரிக்குப் பிறந்தநாள், மூன்று எண்ணுகிறேன், எல்லோரும் வாழ்த்துச் சொல்லுங்கள்” என்று சொல்ல, மைதானமே ஒரே குரலில் கத்தியது. நடுவர் திகைத்துப்போனார்.

சேப்பாக்கத்திலும் காதில் டிரான்சிஸ்டரோடு ஆட்டம் பார்த்தவர்கள் உங்களில் பலர் இருப்பீர்கள். 1975 ஜனவரியில் ராபர்ட்ஸ் பந்துக்கு எதிராக விஸ்வநாத் 97 அடித்து ஆட்டமிழக்காமல் நின்றாரே, அன்று திருச்சி தந்தி ஆபீஸில் ஒரு மேஜை டிராயருக்குள் டிரான்சிஸ்டர் மெதுவாகப் பாடிக்கொண்டிருந்தது. சூப்பர்வைசர் அந்தப் பக்கமாக வந்து நின்று, ஸ்கோர் வந்தபிறகே நகர்ந்தார்.

1995 செப்டம்பர் 5 அன்று சியாட்டில் மரைனர்ஸும் நியூயார்க் யாங்கீஸும் ஆடிய ஆட்டத்தின் ரேடியோ வர்ணனை, ரியல் ஆடியோ என்ற மென்பொருள் வழியாக இணையத்தில் போனது. இணையத்தின் முதல் நேரடி ஒலிபரப்புகளில் ஒன்றாக அதைச் சொல்கிறார்கள். 2008-ல் ஐபோனுக்கு ஆப் ஸ்டோர் திறந்தபோது பேஸ்பால் செயலியும் வந்துவிட்டது. அடுத்த வருடத்திலிருந்து வர்ணனையும் அதில் கேட்டது. 30 அணிகள், அணிக்கு 162 ஆட்டம். எந்த ஊர் ரேடியோவையும் திருச்சியிலிருந்து கேட்கலாம்.

ஒரு குறை உண்டு. ரேடியோ அலை நேரே வந்து சேரும். செல்போனுக்கு வருவது அப்படி அல்ல. குரலைச் சில விநாடித் துண்டுகளாக நறுக்கி, சுருக்கி, பல கணினிகள் வழியே அனுப்புகிறார்கள். வழியில் தடங்கல் வந்தால் சமாளிக்க, போனும் கொஞ்சம் சேர்த்து வைத்துக்கொண்டுதான் பாட ஆரம்பிக்கிறது. அதனால் அரை நிமிடம், சமயத்தில் ஒரு நிமிடம் பிந்திவிடும். நேரடி என்று பெயர், ஆனால் கொஞ்சம் பழசு. ரீகனின் சீட்டு மாதிரிதான்.

இன்னொரு குறையும் உண்டு. 2020-ல் ஓக்லண்ட் அணி, சொந்த ஊரில் வானொலி நிலையமே வேண்டாம், இணையம் போதும் என்று அறிவித்தது. ரசிகர்கள், முக்கியமாக வயதானவர்கள், வருத்தப்பட்டார்கள். சீசன் தொடங்கும் நேரத்தில் ஒரு நிலையத்தோடு மறுபடி சேர்ந்துவிட்டார்கள். பேரன் பக்கத்தில் இல்லாத கிழவனுக்கு யார் செயலி போட்டுக் கொடுப்பார்கள்?

கடைசியாக, 2024 அக்டோபர் 26, சனிக்கிழமை காலை. அங்கே வெள்ளிக்கிழமை இரவு. உலகத் தொடரின் முதல் ஆட்டம், டாட்ஜர்ஸும் யாங்கீஸும். ஐந்தரை மணிக்கே எழுந்து உட்கார்ந்துவிட்டேன். ஒன்பது இன்னிங்ஸ் முடிந்து ஆட்டம் சமன். பத்தாவதில் யாங்கீஸ் 3-2 என்று முந்தியது. டாட்ஜர்ஸ் தரப்பில் இரண்டு பேர் அவுட், மூன்று பேஸிலும் ஆள். கணுக்காலில் சுளுக்கோடு ஆடிய ஃப்ரெடி ஃப்ரீமன் மட்டையோடு வருகிறார்.

அப்போது போன் அடித்தது. “தாத்தா! கேட்டீங்களா! கேட்டீங்களா!” பேரன் கத்துகிறான். பின்னால் மாப்பிள்ளையும் மகளும் கூச்சல். எனக்கு ஃப்ரீமன் இன்னும் பேட்டிங் இடத்துக்கே வந்து சேரவில்லை!

“டேய், எனக்கு இன்னும் வரலைடா, வை போனை” என்று சொல்லி வைத்துவிட்டேன். வர்ணனை விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தது. முடிவு தெரிந்துவிட்டது. ஆனாலும் நெஞ்சு அடித்துக்கொண்டது. முதல் பந்து. மட்டைச் சத்தம். கூட்டத்தின் சத்தம் எழும்பி எழும்பி, வர்ணனையாளரின் குரலையே மூடிவிட்டது. ஹோம் ரன், நாலு பேரும் வீடு சேர்ந்தார்கள், 6-3. உலகத் தொடர் வரலாற்றில் இப்படி நான்கு ஓட்டத்தோடு ஓர் ஆட்டம் முடிந்தது அதுவே முதல் தடவை.

அன்றைக்குத்தான் ஒன்று புரிந்தது. நான் 38 வருடம் முடிவுகளை மட்டுமே அனுப்பியவன். பாஸ், பெயில், பிறப்பு, இறப்பு. “அப்பா காலமானார், உடனே வா.” அதற்கு மேல் வார்த்தைக்குக் காசு. தந்தி வாங்கிய பலர் ஆபீஸுக்கே ஓடி வந்து, “எப்படி சார், எப்படி ஆச்சு?” என்று கேட்பார்கள். எங்களிடம் பதில் கிடையாது. அந்த ‘எப்படி’யைச் சொல்லத்தான் ஒரு மனிதக் குரல் வேண்டியிருக்கிறது. முடிவு முன்னாலேயே தெரிந்தாலும் அதற்காகக் காத்திருக்கலாம்.

இப்போது பேரனுக்கும் எனக்கும் ஓர் ஒப்பந்தம். முக்கியமான கட்டத்தில் அவன் கூப்பிடக் கூடாது. நான் கேட்டு முடித்தபின் நானே கூப்பிடுவேன். அவன் காலேஜில் சேர்ந்துவிட்டான், வேலைகள் அதிகம். ஆனாலும் போனை முதல் மணியிலேயே எடுத்துவிடுகிறான்.

“இப்ப சொல்லுங்க தாத்தா, எப்படி இருந்துச்சு?” என்கிறான். டி.வி.யில் பார்த்தவன் அவன். கேட்ட நான் சொல்கிறேன்.