ஆசியாட் 82: மைதானம் கட்டியவர்களுக்கு என்ன கிடைத்தது?

ஒரு நகரத்துக்குப் பெரிய விளையாட்டுப் போட்டி வருகிறது என்றால், வீரர்களுக்கு முன்பே வந்து சேர்பவர்கள் கட்டிடத் தொழிலாளர்கள். போட்டி தொடங்கும் முன்பே அவர்கள் வேலை முடிந்துவிடும். தொடக்க விழாவில் அவர்களுக்கு இடம் இருக்காது. பதக்கப் பட்டியல் பல வருடங்கள் நினைவில் இருக்கும். மைதானம் கட்டியவர்களுக்கு என்ன கூலி கொடுத்தார்கள் என்பது யாருக்கும் நினைவில் இருக்காது. ஆனால் டெல்லியில் ஒரே ஒரு முறை அந்தக் கூலிக் கணக்கு உச்சநீதிமன்றம் வரை போனது. அதைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை.

1951ம் 1982ம்

முதல் ஆசிய விளையாட்டுப் போட்டி 1951 மார்ச்சில் டெல்லியில் நடந்தது. 11 நாடுகள் கலந்துகொண்டன. ஆங்கிலேயர் காலத்திலேயே கட்டப்பட்டிருந்த இர்வின் மைதானம்தான் தேசிய மைதானம் ஆகி அதில் போட்டிகள் நடந்தன. எனவே நகரம் பெரிதாக மாறவில்லை.

1982 கதை வேறு. நவம்பர் 19 முதல் டிசம்பர் 4 வரை நடந்த ஒன்பதாவது ஆசிய விளையாட்டில் 33 நாடுகள் கலந்துகொண்டன. ஜவஹர்லால் நேரு மைதானம், இந்திரா காந்தி உள்விளையாட்டரங்கம், தல்கதோரா நீச்சல் குளம், வீரர்கள் தங்க ஆசியாட் கிராமம், இவற்றோடு வரிசையாக மேம்பாலங்கள் என்று டெல்லியின் முகமே மாறியது. தூர்தர்ஷன் வண்ணத்துக்கு மாறியதும் அந்த ஆண்டுதான். 'அப்பு' என்ற யானைக்குட்டிச் சின்னம் வீடு வீடாகப் போய்ச் சேர்ந்தது.

இந்தியாவுக்கு 13 தங்கம் கிடைத்தது. பி.டி. உஷா 100 மீட்டரிலும் 200 மீட்டரிலும் வெள்ளி வென்றார். ஆண்கள் ஹாக்கி இறுதிப் போட்டியில் பாகிஸ்தானிடம் 7-1 என்று தோற்றதை அந்தத் தலைமுறை இன்னும் மறக்கவில்லை!

ஒரு ரூபாய் கணக்கு

இவ்வளவையும் குறுகிய காலத்தில் கட்டி முடிக்க ராஜஸ்தான், உத்தரப் பிரதேசம், ஒரிசா போன்ற மாநிலங்களிலிருந்து ஏழைத் தொழிலாளர்கள் அழைத்து வரப்பட்டார்கள். வேலை அரசுடையது. அரசு அதை ஒப்பந்தக்காரர்களிடம் கொடுத்தது. அவர்கள் ஜமாதார்கள் மூலம் ஆள் பிடித்தார்கள். தமிழ்நாட்டில் மேஸ்திரி என்று சொல்வது போலத்தான்.

அப்போது குறைந்தபட்சக் கூலி நாளுக்கு 9 ரூபாய் 25 பைசா. ஒப்பந்தக்காரர் பணத்தை ஜமாதாரிடம் கொடுப்பார். ஜமாதார் ஆளுக்கு ஒரு ரூபாய் கமிஷன் எடுத்துக்கொண்டு 8.25 கொடுப்பார். பெண்களுக்குக் கிடைத்தது 7 ரூபாய்தான்.

ஒரு ரூபாய்தானே என்று தோன்றலாம். கணக்குப் போட்டுப் பார்த்தால் தெரியும். மாதம் 26 நாள் வேலை என்று வைத்துக்கொண்டால் ஆணுக்கு 26 ரூபாய் நஷ்டம், அதாவது கிட்டத்தட்ட மூன்று நாள் கூலி. பெண்ணுக்கு நாளுக்கு 2.25 வீதம் 58 ரூபாய் 50 பைசா. அது ஆறு நாள் கூலிக்கும் மேல். ஒவ்வொரு மாதமும் ஆறு நாள் அவள் சம்பளமே இல்லாமல் செங்கல் சுமந்தாள் என்று அர்த்தம்.

ஒரு கடிதம் வழக்கானது

பி.யு.டி.ஆர். என்ற ஜனநாயக உரிமை அமைப்பு, மூன்று சமூக ஆய்வாளர்களை வேலை நடந்த இடங்களுக்கு அனுப்பி விசாரித்தது. அவர்கள் கண்டதை 1981 நவம்பரில் நீதிபதி பகவதிக்குக் கடிதமாக எழுதியது. உச்சநீதிமன்றம் அந்தக் கடிதத்தையே ரிட் மனுவாக எடுத்துக்கொண்டது.

'தொழிலாளர்கள் ஒப்பந்தக்காரரின் ஆட்கள், எங்கள் ஆட்கள் அல்ல' என்பது அரசுத் தரப்பு வாதங்களில் ஒன்று. பாதிக்கப்படாத ஓர் அமைப்பு எப்படி வழக்குப் போடலாம் என்றும் கேட்டார்கள். 1982 செப்டம்பர் 18 அன்று நீதிபதிகள் பகவதி, பஹருல் இஸ்லாம் இருவரும் இரண்டையும் நிராகரித்தார்கள். நீதிமன்றத்துக்கு வர வசதியில்லாத ஏழைக்காக மற்றவர் வரலாம் என்றார்கள். பொதுநல வழக்குகளின் வரலாற்றில் இந்தத் தீர்ப்புக்குத் தனி இடம் உண்டு.

அதைவிட முக்கியமானது இன்னொன்று. கட்டாய உழைப்பை அரசியல் சட்டத்தின் 23வது பிரிவு தடை செய்கிறது. கட்டாயம் என்றால் அடித்து உதைத்து வேலை வாங்குவது மட்டும்தானா? பசியால் வேறு வழியில்லாமல் ஒருவர் குறைந்தபட்சக் கூலிக்கும் கீழே உழைத்தால் அதுவும் கட்டாய உழைப்புதான் என்று தீர்ப்பு சொன்னது. கட்டுமான வேலை ஆபத்தானது என்பதால் 14 வயதுக்குட்பட்ட குழந்தைகளை அதில் சேர்க்கக் கூடாது என்றும் சொன்னது. சட்டங்கள் பின்பற்றப்படுகின்றனவா என்று பார்க்க மூன்று பேரை நீதிமன்றமே நியமித்திருந்தது.

ஆனால் தேதியைக் கவனியுங்கள். போட்டி தொடங்க இரண்டே மாதம் இருந்தபோதுதான் தீர்ப்பு வந்தது. அதற்குள் பெரும்பாலான செங்கல் அடுக்கப்பட்டுவிட்டது.

மறுபடியும் 2010

இருபத்தெட்டு ஆண்டுகள் கழித்து, 2010 அக்டோபர் 3 முதல் 14 வரை அதே டெல்லியில் காமன்வெல்த் போட்டி நடந்தது. அதே நேரு மைதானம் புதுப்பிக்கப்பட்டது. அதே பி.யு.டி.ஆர். மீண்டும் நீதிமன்றத்துக்குப் போனது, இந்த முறை டெல்லி உயர்நீதிமன்றத்துக்கு. நீதிமன்றம் அமைத்த குழு சொன்னதும் ஏறத்தாழ பழைய கதையே. குறைந்தபட்சக் கூலி இல்லை, பாதுகாப்பு இல்லை, தங்கும் இடம் சரியில்லை. செப்டம்பர் 21 அன்று மைதானத்துக்கு அருகே கட்டிக்கொண்டிருந்த நடைமேம்பாலம் இடிந்து இருபதுக்கும் மேற்பட்டோர் காயமடைந்தார்கள்.

இந்த முறை தமிழர்களும் பாதிக்கப்பட்டார்கள். ஜங்புராவில் பல ஆண்டுகளாக வாழ்ந்த தமிழ்த் தலித் குடும்பங்களின் குடிசைப்பகுதி 2010 ஏப்ரலில் இடிக்கப்பட்டது. போட்டிக்கான வாகன நிறுத்துமிடத்துக்காக என்று செய்திகள் வந்தன.

வரவும் செலவும்

நகரத்துக்கு நன்மையே இல்லை என்று சொல்ல முடியாது. மேம்பாலங்களில் இன்றும் வண்டிகள் ஓடுகின்றன. நேரு மைதானம் இரண்டு தலைமுறை வீரர்களுக்குப் பயன்பட்டது. ஆனால் வரவு நகரம் முழுவதற்கும் போகிறது. செலவில் ஒரு பகுதியை மட்டும் மிக ஏழைகள் தங்கள் கூலியிலிருந்தும் குடிசையிலிருந்தும் கட்டுகிறார்கள். அந்தப் பகுதி எந்தப் பட்ஜெட்டிலும் எழுதப்படுவதில்லை.

2030 காமன்வெல்த் போட்டி அகமதாபாத்துக்குக் கிடைத்திருக்கிறது. 1982ல் தீர்ப்பு தாமதமாக வந்தது. 2010ல் தீர்ப்பு இருந்தும் யாரும் மதிக்கவில்லை. 2030க்கு இன்னும் நேரம் இருக்கிறது. எத்தனை பதக்கம் என்று எண்ணும் முன், முதல் செங்கல் வைக்கும் நாளிலேயே கூலிப் பதிவேட்டைத் திறந்து பார்க்க ஒருவரை நியமித்தால், ஆசியாட் தொழிலாளர்கள் வாங்கித் தந்த தீர்ப்புக்கு அதுவே சரியான மரியாதை.