கணக்கில் ஏறாத ஓட்டம்

விளையாட்டைப் பற்றி இந்தப் பக்கங்களில் எதற்கு எழுத வேண்டும் என்று தோழர்கள் சிலர் கேட்கக்கூடும். விளையாட்டில் சாதி கிடையாது, நிறம் கிடையாது, திறமைக்குத்தான் மதிப்பு என்று காலங்காலமாகச் சொல்லிக்கொண்டு வருகிறார்கள். மைதானத்தில் இறங்கிட்டா எல்லாரும் ஒண்ணுதான் என்கிறார்கள். இது எவ்வளவு தூரம் உண்மை என்று பார்க்க ஒரே ஒரு ஆட்டத்தை எடுத்துக்கொள்கிறேன். அமெரிக்காவில், பாஸ்டன் நகரத்தில், 1957 ஏப்ரல் 13 அன்று நடந்த கூடைப்பந்து ஆட்டம் அது.

அமெரிக்காவின் தொழில்முறைக் கூடைப்பந்து அமைப்பான என்.பி.ஏ.வில் பட்டத்துக்கான தொடர் ஏழு ஆட்டங்கள் கொண்டது. முதலில் நான்கு ஆட்டம் ஜெயிக்கிற அணிக்குப் பட்டம். அந்த வருடம் பாஸ்டன் செல்டிக்ஸ், செயின்ட் லூயிஸ் ஹாக்ஸ் என்ற இரண்டு அணிகளும் ஆளுக்கு மூன்று ஜெயித்து நின்றன. ஏழாவது ஆட்டம்தான் முடிவு சொல்ல வேண்டும்.

செயின்ட் லூயிஸ் என்ற பெயரைக் கறுப்பு மக்களின் வரலாறு படித்தவர்கள் மறக்க மாட்டார்கள். அடிமையாக வைக்கப்பட்டிருந்த டிரெட் ஸ்காட் தன் விடுதலை கேட்டு 1846இல் வழக்குப் போட்டது அந்த ஊர் நீதிமன்றத்தில்தான். அந்த வழக்கில்தான் 1857 மார்ச் 6 அன்று அமெரிக்க உச்ச நீதிமன்றம், கறுப்பர்கள் அந்த நாட்டின் குடிமக்களே அல்ல என்று தீர்ப்புச் சொன்னது. கறுப்பர்களுக்கு வீடு விற்கக் கூடாது என்று வெள்ளையர்கள் பத்திரத்தில் எழுதிவைத்த நிபந்தனையை நீதிமன்றம் அமலாக்கக் கூடாது என்று 1948இல் வந்த தீர்ப்பும் அதே ஊர் வீட்டு வழக்கில் வந்ததுதான். டிரெட் ஸ்காட் தீர்ப்புக்கு நூறு வருடம் முடிந்து ஒரு மாதம் ஆனபோது அந்த ஊர் அணி பட்டத்துக்காக பாஸ்டனில் வந்து நின்றது. அந்த அணியில் ஒரு கறுப்பர்கூடக் கிடையாது. வில்லி நால்ஸ் என்று ஒருவர் இருந்தார். அவரையும் 1956 டிசம்பரில் நியூயார்க் அணிக்குக் கொடுத்துவிட்டு, பதிலுக்கு ஒரு வெள்ளை ஆட்டக்காரரை வாங்கிக்கொண்டார்கள். நால்ஸ் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு வருவார்.

பாஸ்டன் அணியிலும் அன்றைக்கு ஒரே ஒரு கறுப்பர்தான். பெயர் பில் ரஸ்ஸல். வயது 23.

ரஸ்ஸல் 1934இல் லூசியானா மாநிலத்து மன்ரோ என்ற ஊரில் பிறந்தவர். தெற்கு மாநிலம். பேருந்து, பள்ளிக்கூடம், தண்ணீர்க் குழாய் எல்லாமே வெள்ளைக்கு ஒன்று, கறுப்புக்கு ஒன்று. பெட்ரோல் போடப்போன அவருடைய அப்பாவை, வெள்ளையர்களை எல்லாம் கவனித்து முடிக்கிறவரை காத்திருக்க வைத்தார்கள். கிளம்பிப்போகலாம் என்று வண்டியைத் திருப்பியவரைத் துப்பாக்கி காட்டி நிறுத்தினார்கள். அம்மா நல்ல உடுப்பு உடுத்தித் தெருவில் போனதற்கு ஒரு போலீஸ்காரன், இது வெள்ளைக்காரி போடுற உடுப்பு, போய்க் கழட்டு என்று விரட்டினான். நல்ல சட்டை போட்டதற்காக அடிவாங்கிய நம்ம பிள்ளைகளுக்கு இதை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. குடும்பம் பிழைப்புத் தேடி கலிபோர்னியாவின் ஓக்லண்டுக்குப் போனது. அங்கே ரஸ்ஸலுக்குப் பன்னிரண்டு வயதானபோது அம்மா இறந்துபோனார். அப்பாதான் வளர்த்தார்.

சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழக அணியை 1955லும் 1956லும் தேசிய சாம்பியனாக்கினார். கல்லூரி முடிக்கிற ஆட்டக்காரர்களைத் தொழில்முறை அணிகள் வரிசை முறையில் தேர்ந்தெடுப்பது அங்கே வழக்கம். 1956இல் ரஸ்ஸலை எடுக்கும் உரிமை ஹாக்ஸ் அணியிடம்தான் இருந்தது. அவர்கள் அந்த உரிமையை பாஸ்டனுக்குக் கொடுத்துவிட்டு மெக்காலி, ஹேகன் என்ற இரண்டு வெள்ளை ஆட்டக்காரர்களை வாங்கிக்கொண்டார்கள். மெக்காலி செயின்ட் லூயிஸ்காரர். அவருடைய மகன் நோயில் கிடந்ததால் சொந்த ஊருக்குத் திரும்ப நினைத்தார். இதெல்லாம் காரணம்தான், மறுக்கவில்லை. ஆனால் செயின்ட் லூயிஸாக இருந்திருந்தால் நான் போயே இருக்க மாட்டேன், அந்த ஊரின் நிறவெறி அப்படி என்று ரஸ்ஸலே பிற்பாடு சொன்னார். அந்த ஊர் அரங்கத்தில் ஆடும்போது கூட்டம் தன்னை என்னென்ன மிருகத்தின் பெயர் சொல்லிக் கூப்பிட்டது என்பதையும் பதிவு செய்திருக்கிறார்.

மெல்போர்ன் ஒலிம்பிக்கில் தங்கம் வாங்கிவிட்டு 1956 டிசம்பர் 22 அன்று அவர் பாஸ்டனுக்காக முதன்முதலாக இறங்கினார். அதற்கு முந்தின நாள்தான் மாண்ட்கோமரி ஊர்க் கறுப்பு மக்கள், ஒரு வருடத்துக்கு மேல் பேருந்தைப் புறக்கணித்து நடந்தே ஜெயித்து, பிரிக்கப்படாத பேருந்தில் ஏறி உட்கார்ந்தார்கள். அந்த நாட்களின் காற்று அது.

இனி ஆட்டத்துக்கு வருவோம்.

தொடரின் முதல் ஆட்டம் இரண்டு முறை கூடுதல் நேரம் போய், 125-123 என்று ஹாக்ஸ் ஜெயித்திருந்தது. ஆறாவது ஆட்டத்தையும் கடைசி நொடியில் ஹேகன் போட்ட கூடையால் ஹாக்ஸ்தான் ஜெயித்தது. ஏழாவது ஆட்டத்தில் பாஸ்டனின் பேர்பெற்ற இரண்டு ஆட்டக்காரர்கள், கூசியும் ஷார்மனும், அன்றைக்கு எறிந்த நாற்பது எறியில் உள்ளே விழுந்தது ஐந்துதான். பேர்பெற்றவர்கள் கைவிட்ட ஆட்டத்தை அந்த வருடம்தான் வந்த இரண்டு புதியவர்கள் தாங்கினார்கள். வெள்ளைக்காரரான ஹைன்சன் 37 புள்ளி எடுத்தார். ரஸ்ஸல் 19 புள்ளி எடுத்தார், கூடையில் விழாமல் திரும்புகிற பந்தை 32 தடவை பிடித்தார்.

எதிர்ப்பக்கம் பாப் பெட்டிட் 39 புள்ளி எடுத்தார். பெரிய ஆட்டக்காரர், அதில் சந்தேகமில்லை. அவரும் லூசியானாக்காரர்தான், பாட்டன் ரூஜில் பிறந்தவர். அவர் படித்து ஆடிய லூசியானா மாநிலப் பல்கலைக்கழகக் கூடைப்பந்து அணியில் முதல் கறுப்பு மாணவர் ஆடியது 1971இல். ஒரே மாநிலத்தில் இரண்டு வருடத்துக்கும் குறைவான இடைவெளியில் பிறந்த இரண்டு பேர். ஒருவருக்கு ஊர்ப் பல்கலைக்கழகம் கதவு திறந்தது. இன்னொருவர் ஊரைவிட்டே போய்த்தான் பந்தைத் தொட முடிந்தது. பெட்டிட் மேல் பழி சொல்ல இதை எழுதவில்லை. அந்த அரங்கத்தில் அன்றைக்கு இந்த இரண்டு பேரும் எதிரெதிராக நின்றார்களே, அந்த இடத்துக்கு வந்துசேர அவர்கள் நடந்த தூரம் ஒன்றல்ல என்பதற்காகச் சொல்கிறேன்.

ஆட்ட நேரம் முடிய ஒரு நிமிடம்கூட இல்லை. பாஸ்டன் ஒரே ஒரு புள்ளி முன்னால். ஹாக்ஸின் ஜாக் கோல்மனுக்கு ஆடுகளத்தின் நடுவில் பந்து கிடைக்கிறது. அவருக்கும் கூடைக்கும் நடுவில் ஆளே இல்லை. போட்டால் ஹாக்ஸ் முன்னால் போய்விடும். ரஸ்ஸல் அப்போது களத்தின் அந்தக் கடைசிக் கோட்டில் நிற்கிறார். அங்கிருந்து ஓடுகிறார். கிட்டத்தட்ட முழுக் களத்தையும் ஓடிக் கடந்து, கோல்மன் எழும்பி எறிந்த பந்தைத் தட்டிவிடுகிறார். அதைக் கண்ணால் பார்த்த கூட்டாளிகள் ஆயுசு முழுக்க அந்த ஓட்டத்தைப் பற்றியே பேசினார்கள்.

இருந்தும் ஹாக்ஸ் விடவில்லை, 103-103 என்று சமன் செய்தார்கள். கூடுதல் நேரம். 113-113, மறுபடியும் சமன். இரண்டாவது கூடுதல் நேரம். கடைசி நொடியில் பாஸ்டன் 125-123 என்று முன்னால் நிற்கிறது. ஹாக்ஸின் பயிற்சியாளரும் ஆட்டக்காரருமான ஹானம் களத்தின் ஒரு முனையிலிருந்து மறுமுனைப் பலகையைக் குறிவைத்துப் பந்தை வீசினார். அது பலகையில் பட்டுப் பெட்டிட் கைக்கே வந்தது. அவர் எறிந்தார். பந்து வளையத்தில் உருண்டு வெளியே விழுந்தது. பாஸ்டனுக்கு முதல் பட்டம். முதல் ஆட்டத்தில் தோற்ற அதே எண்ணில், 125-123.

இப்போது அந்த ஆட்டத்தின் கணக்குத் தாளை எடுத்துப் பாருங்கள். ரஸ்ஸலின் 19 இருக்கும், 32 இருக்கும். அந்த ஓட்டம் இருக்காது, தட்டிவிட்ட பந்தும் இருக்காது. ஏனென்றால் எதிராளி எறியும் பந்தைத் தட்டிவிடுவதை என்.பி.ஏ. அன்றைக்குக் கணக்கில் எடுக்கவில்லை. அதை எண்ண ஆரம்பித்தது 1973-74 ஆட்டப் பருவத்தில். ரஸ்ஸல் ஆட்டத்தை விட்டது 1969இல். பதின்மூன்று பருவத்தில் பதினொரு பட்டம் வாங்கிக்கொடுத்த கை, வாழ்நாளில் எத்தனை பந்தைத் தட்டியது என்பதற்கு எந்தப் புத்தகத்திலும் எண் இல்லை.

இது நிறவெறியால் திட்டமிட்டுச் செய்தது என்று நான் சொல்லவில்லை. யார் தட்டிவிட்டாலும் எண்ணவில்லைதான். ஆனால் புள்ளி எடுக்கிறவன்தான் ஆட்டக்காரன், தடுக்கிறவன் கூட நிற்கிறவன் என்ற பார்வை எங்கிருந்து வந்தது? 1958இல் நடந்ததைப் பாருங்கள். அந்த வருடத்தின் மிகச் சிறந்த ஆட்டக்காரர் யார் என்று ஆட்டக்காரர்களே ஓட்டுப்போட்டார்கள். ரஸ்ஸல் என்றார்கள். அதே வருடம் சிறந்த ஐந்து பேர் கொண்ட முதல் அணியைப் பத்திரிகைக்காரர்கள் தேர்ந்தெடுத்தார்கள். அதில் ரஸ்ஸலுக்கு இடமில்லை, இரண்டாம் அணியில்தான் போட்டார்கள். நாட்டிலேயே முதல் ஆள், ஆனால் முதல் ஐந்து பேரில் இல்லை! எதிரே நின்று ஆடியவனுக்குத் தெரிந்தது, பேனா பிடித்தவனுக்குத் தெரியவில்லை. நெல் விளைவித்தவன் கை கணக்கப்பிள்ளையின் ஏட்டில் ஏறாத கதைதான் இது.

அந்த 1958 பட்டத்தை ஹாக்ஸ் வாங்கியது. முழுக்க வெள்ளையர்களே கொண்ட அணி என்.பி.ஏ. பட்டம் வாங்கியது அதுவே கடைசி.

ஜெயித்ததால் என்ன மாறியது? 1961 அக்டோபரில் இதே இரண்டு அணிகளும் கென்டக்கி மாநிலத்து லெக்சிங்டனில் ஒரு காட்சி ஆட்டத்துக்குப் போயின. அந்த ஊர்ப் பல்கலைக்கழகத்தில் ஆடிய ஹேகனையும் பாஸ்டனின் ராம்ஸியையும் கௌரவிக்கிற ஆட்டம். தங்கியிருந்த ஓட்டலின் காபிக் கடையில் பாஸ்டனின் கறுப்பு ஆட்டக்காரர்கள் இரண்டு பேருக்குச் சாப்பாடு தர மறுத்தார்கள். ரஸ்ஸலும் மற்ற கறுப்பு ஆட்டக்காரர்களும் ஒன்றாக முடிவெடுத்தார்கள், ஆட மாட்டோம் என்று. பயிற்சியாளர் ஆவர்பாக் சமாதானம் சொல்லிப் பார்த்தார். முடியாது என்றதும் விமான நிலையத்தில் கொண்டுபோய் விட்டார். ஹாக்ஸில் அதற்குள் சேர்ந்திருந்த கறுப்பு ஆட்டக்காரர்களும் வெளியேறினார்கள். நான்கு வருடத்துக்கு முன் பட்டத்துக்காக மோதிய அணிகள், சாப்பாட்டு மேசை விஷயத்தில் கறுப்பர்கள் ஒரு பக்கம் ஆனார்கள். ஆட்டம் வெள்ளை ஆட்டக்காரர்களை வைத்து நடந்தது.

நால்ஸ் வருவார் என்றேன் அல்லவா? 1964 டிசம்பர் 26, செயின்ட் லூயிஸ். ஹைன்சனுக்குக் காயம். அவர் இடத்தில் அப்போது பாஸ்டனுக்கு வந்திருந்த வில்லி நால்ஸ் இறங்கினார். ரஸ்ஸல், சாம் ஜோன்ஸ், கே.சி. ஜோன்ஸ், சாண்டர்ஸ், நால்ஸ். ஐந்து கறுப்பர்கள் ஒன்றாக ஆட்டத்தைத் தொடங்கியது என்.பி.ஏ. வரலாற்றில் அதுதான் முதல் தடவை. எந்த ஊர் அணி அவரை அனுப்பிவிட்டதோ அந்த ஊரிலேயே, அந்த அணிக்கு எதிராகவே. பாஸ்டன் ஜெயித்தது. 1966இல் ரஸ்ஸல் அணியின் பயிற்சியாளரும் ஆனார். என்.பி.ஏ.வில் கறுப்பர் ஒருவர் அந்தப் பொறுப்புக்கு வந்தது அதுவே முதல்.

தெற்கில்தான் நிறவெறி, பாஸ்டன் முற்போக்கான ஊர் என்று நினைக்க வேண்டாம். பாஸ்டனுக்குப் பக்கத்தில் ரெடிங் என்ற ஊரில் ரஸ்ஸல் வீடு வாங்கிக் குடியிருந்தார். வீட்டை உடைத்து நுழைந்து, சுவரில் இழிசொல் எழுதி, கோப்பைகளை நொறுக்கி, படுக்கையில் மலம் கழித்துவிட்டுப் போனார்கள். வேறு பகுதிக்குக் குடிபோக நினைத்தபோது அங்கிருந்தவர்கள் கையெழுத்து வாங்கி எதிர்த்தார்கள். இதையெல்லாம் அவருடைய மகள் 1987இல் பத்திரிகையில் எழுதினார். அரங்கத்தில் கைதட்டுகிற கையும் அதுதான், கையெழுத்துப் போடுகிற கையும் அதுதான்.

நமக்கு இது புதுசா? 1946இல் அம்பேத்கர், கறுப்பர்களின் நிலைக்கும் தீண்டப்படாதோர் நிலைக்கும் உள்ள ஒற்றுமையைச் சொல்லி டு பாய்ஸுக்குக் கடிதம் எழுதினார். பாலூ பல்வாங்கர் என்ற தலித் பந்துவீச்சாளர் 1911இல் இங்கிலாந்துக்குப் போய் 114 விக்கெட் எடுத்தவர். பூனாவில் அவர் வீசிய பந்தை சாதி இந்து ஆட்டக்காரர்கள் தொட்டார்கள். தேநீர் மட்டும் வெளியே, தனி மண்குவளையில். கேப்டன் பதவி கடைசிவரை அவருக்குக் கொடுக்கவே இல்லை. லெக்சிங்டன் காபிக் கடையும் பூனா மண்குவளையும் நம்ம ஊர் டீக்கடைத் தனிக்குவளையும் ஒரே குடும்பம்.

ரஸ்ஸல் இதற்கு என்ன பதில் சொன்னார்? 1972இல் அவருடைய 6ஆம் எண் சட்டையை பாஸ்டன் அரங்கத்தில் உயரத்தில் தொங்கவிட்டார்கள். கூட்டம் உள்ளே வருவதற்கு முன்னால், கூட ஆடியவர்கள் மட்டும் இருக்கும்போதுதான் செய்ய வேண்டும் என்றார். அப்படித்தான் நடந்தது. 1975இல் கூடைப்பந்து மேதைகள் மண்டபத்தில் இடம் தந்தபோது விழாவுக்குப் போகவில்லை. 1950இல் என்.பி.ஏ. அணி ஒன்று தேர்ந்தெடுத்த முதல் கறுப்பர் சக் கூப்பர். அவருக்கு அந்த மண்டபத்தில் 2019இல் இடம் கிடைத்த பிறகுதான் தனக்குரிய மோதிரத்தை வாங்கிக்கொண்டார். எனக்கு முன்னால் வந்தவன் வாசலில் நிற்கும்போது நான் மட்டும் உள்ளே வர மாட்டேன் என்பதுதான் அதன் அர்த்தம். 2013இல் பாஸ்டன் அவருக்குச் சிலை வைத்தது. 2022 ஜூலை 31 அன்று இறந்துபோனார். அதன் பிறகு 6ஆம் எண்ணை எந்த அணியிலும் புதிதாக யாருக்கும் தருவதில்லை என்று என்.பி.ஏ. அறிவித்தது.

சிலையும் எண்ணும் வந்துவிட்டன. அந்த ஓட்டம் மட்டும் இன்னமும் கணக்குத் தாளில் இல்லை. அது நமக்குத் தெரிவதற்குக் காரணம், பார்த்தவர்கள் வாயால் சொன்னார்கள், கேட்டவர்கள் எழுதி வைத்தார்கள். நம்ம சேரிகளில் கபடி ஆடியவர்கள், சிலம்பம் பிடித்தவர்கள், கோப்பை ஜெயித்துவிட்டு ஊர்த் தெரு வழியாகத் தூக்கிவர விடாததால் சுற்றுப்பாதையில் வந்தவர்கள் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள். எந்தப் பத்திரிகையும் அவர்களுடைய ஆட்டத்தை எழுதவில்லை. படிக்கிற பிள்ளைகள் ஒரு நோட்டு எடுத்துக்கொண்டு போய் அவர்களிடம் உட்காருங்கள். யார் தடுத்தது, எப்படி ஆடினாங்க, திரும்பி வரும்போது என்ன நடந்தது என்று கேளுங்கள். எத்தனை புள்ளி என்பதைக் கடைசியில் கேட்டால் போதும்.