முகப்பில் தங்கிய பெயர்

என் ஆய்வேட்டின் மூன்றாம் இயலில் ஒரு காலப்பிழை நேர்ந்தது. அதைத் திருத்தும்போது தெரியவந்த செய்திகள், இணையத்தைத் தரவாகக் கொள்ளும் பிற மாணவர்களுக்கும் பயன்படலாம் என்பதால் இங்கே எழுதுகிறேன்.

இணையக் காணொளித் தொகுப்பாளர்கள் தமக்குத் தாமே சூட்டிக்கொள்ளும் பெயர்களின் அமைப்பை அவ்வியல் ஆராய்கிறது. அதற்காக விளையாட்டுக் காணொளித் தொடர்கள் சிலவற்றைப் பார்த்து, பேச்சை எழுத்தாக்கித் தொகுத்தேன். ஒவ்வொரு காணொளியிலும் இன்ட்ரோ என வழங்கும் முகப்புப் பகுதியை வெட்டி எறிந்துவிட்டேன். அது பாட்டும் படமும்தானே, பேச்சு அன்றே என்பது என் எண்ணம். பெயரையும் ஆண்டையும் காணொளிப் பக்கத்திலிருந்து எடுத்து அட்டவணையில் இட்டேன். வரைவைப் படித்த நெறியாளர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்: “இந்த ஆண்டில் இந்தப் பெயர் வழங்கியது என்பதற்கு என்ன சான்று?” பக்கத்திலுள்ள தேதிதான் சான்று என்றேன். “அது காணொளி ஏறிய தேதி. பெயர் ஏறிய தேதியா?” என்றார். என்னிடம் விடையில்லை.

அந்தக் கேள்வி எழக் காரணமான தொடர், ஜேம்ஸ் ரோல்ஃப் என்னும் அமெரிக்கத் திரைப்பட ஆர்வலர் உருவாக்கியது. 1980களின் வீடியோ கேம்களில் மோசமானவற்றை எடுத்துக்கொண்டு, கோபாவேசத்துடன் விமரிசிக்கும் நகைச்சுவைத் தொடர் அது. இன்று ‘ஆங்கிரி வீடியோ கேம் நெர்ட்’ என்று அறியப்படுகிறது. ‘சினமிகு வீடியோ கேம் பித்தன்’ என்று ஏறத்தாழப் பொருள் கொள்ளலாம். என் அட்டவணையில் 2006 என்ற ஆண்டுக்கு நேரே இந்தப் பெயர்தான் இருந்தது. ஆனால் அந்தத் தொடர் யூடியூபில் அடியெடுத்து வைத்தது அந்தப் பெயரோடு அன்று.

வரலாறு இதுதான். 2004ஆம் ஆண்டு மே மாதம் ரோல்ஃப், கோனாமி நிறுவனத்தின் ‘காசில்வேனியா II: சைமன்ஸ் குவெஸ்ட்’ என்னும் விளையாட்டைப் பற்றி ஒரு குறுங்காணொளி எடுத்தார். நண்பர்கள் பார்த்துச் சிரிப்பதற்காக எடுத்தது அது. தொடர் என்ற எண்ணமோ, தனி முகப்போ, கதாபாத்திரத்துக்குப் பெயரோ அப்போது இல்லை. மோசமான நிண்டெண்டோ விளையாட்டுகள் என்ற பொருளில் ஒரு தலைப்பு மட்டும் இருந்தது. 2006 ஏப்ரலில் நண்பர் மைக் மட்டேயின் தூண்டுதலால் காணொளிகள் யூடியூபில் ஏறின. அப்போது தொடரின் பெயர் ‘ஆங்கிரி நிண்டெண்டோ நெர்ட்’.

இம்மூன்று சொற்களுள் மொழியியலாருக்குச் சுவையானது நடுவிலுள்ள சொல். நிண்டெண்டோ தன் விளையாட்டுக் கருவியை 1985இல் நியூயார்க்கில் அறிமுகம் செய்து, பின்னர் அமெரிக்கா முழுவதும் விற்றது. அங்கே 80களின் இறுதியில் வளர்ந்த குழந்தைகளின் வீட்டில் எந்த நிறுவனத்தின் கருவி இருந்தாலும் அது ‘நிண்டெண்டோ’தான். நாம் எந்த எந்திரத்தில் படியெடுத்தாலும் ‘ஜெராக்ஸ்’ என்பதையும், வனஸ்பதி எல்லாவற்றையும் ‘டால்டா’ என்று ஒரு தலைமுறை சொன்னதையும் நினைத்துக்கொள்ளலாம். ஆனால் வணிகப் பெயர் பொதுப்பெயராகிவிட்டால் நிறுவனம் அதன்மீதுள்ள சட்ட உரிமையை இழக்க நேரிடும். ஆகவே நிண்டெண்டோ என்று ஒரு பொருளே கிடையாது என்ற கருத்தில் அந்நிறுவனம் 1990இல் ஒரு விளம்பரமே வெளியிட்டது. தன் பெயர் பரவுவதைக் கண்டு ஒரு நிறுவனம் அஞ்சிய காலம் அது.

வணிகப் பெயரைத் தனிப் பெயர்ச்சொல்லாக ஆளாமல் வேறொரு பெயருக்கு அடைமொழியாக ஆளவேண்டும் என்பது வணிகக்குறிச் சட்ட வல்லுநர்கள் வழக்கமாகக் கூறும் அறிவுரை. ‘ஆங்கிரி நிண்டெண்டோ நெர்ட்’ என்பதில் அந்தச் சொல் அடைமொழியாகத்தான் நிற்கிறது. இலக்கணப்படி குற்றமில்லை. சிக்கல் உடைமையில் இருந்தது. பிறர் பதிவு செய்த ஒரு சொல் தொடரின் தலையிலேயே இருந்தது. ஒரு நண்பர் வட்டத்துக்கு எடுத்த காணொளியில் இதை யாரும் பொருட்படுத்தமாட்டார்கள். பல்லாயிரவர் பார்க்கும் தொடரில் அது வழக்குக்கு வித்தாகலாம். அதோடு, ரோல்ஃப் அடாரி, சேகா முதலிய பிற நிறுவனங்களின் விளையாட்டுகளையும் எடுத்துக்கொள்ளத் தொடங்கினார். பழைய பெயர் சட்டத்துக்கும் பொருந்தவில்லை, பொருளுக்கும் பொருந்தவில்லை. இவ்விரு காரணங்களால் ‘நிண்டெண்டோ’ நீங்கி ‘வீடியோ கேம்’ வந்தது. சிறப்புப்பெயர் இருந்த இடத்தில் பொதுப்பெயர் அமர்ந்தது.

கடைசிச் சொல் மாறவில்லை. ‘நெர்ட்’ என்பது 1950இல் டாக்டர் சூஸ் எழுதிய சிறுவர் நூலொன்றில் ஒரு கற்பனை உயிரியின் பெயராக அச்சேறியது. அடுத்த ஆண்டே டெட்ராய்ட் நகர இளைஞர்கள் அதை வசைச்சொல்லாக வழங்குவதை ‘நியூஸ்வீக்’ இதழ் குறித்தது. 1970களின் தொலைக்காட்சித் தொடர்களும் 1984இன் ‘ரிவெஞ்ச் ஆஃப் தி நெர்ட்ஸ்’ திரைப்படமும் அதற்குக் கண்ணாடி, சட்டைப்பையில் பேனா என்னும் ஒரு தோற்றத்தை நிலைநிறுத்தின. ரோல்ஃபின் கதாபாத்திரம் அந்தத் தோற்றத்தையே சீருடையாக ஏற்றது. வெள்ளைச் சட்டை, பையில் பேனாக்கள், கண்ணாடி. இந்தப் பாத்திரத்துக்கு இயற்பெயர் தேவைப்படவில்லை, ‘நெர்ட்’ என்றாலே போதும். ஏளனமாகப் பிறர் சூட்டிய சொல்லைத் தானே எடுத்து அணிந்துகொண்டதால் அது அடையாளமாயிற்று. பின்னாளில் ரோல்ஃபும் மட்டேயும் சேர்ந்து நடத்திய மற்றொரு விளையாட்டுத் தொடர் அவர்களின் இயற்பெயரிலேயே வந்தது. அங்கே சீருடையும் இல்லை, கோபமும் இல்லை. பெயரும் உடையும் குரலும் ஒன்றாகவே அணியப்பட்டு, ஒன்றாகவே களையப்படுகின்றன.

இனி, நான் வெட்டி எறிந்த முகப்புக்கு வருகிறேன். தொடருக்குக் கைல் ஜஸ்டின் என்னும் இசைக்கலைஞர் ஒரு முகப்புப் பாடல் அமைத்தார். சில காணொளிகளில் அவரே சோபாவின் பின்னாலிருந்து கிதாருடன் எழுந்து வருவார். பெயர் மாறிய பிறகும் ஒலித்த அப்பாடலின் முடிவைக் கவனித்தால், நாயகன் முதலில் நிண்டெண்டோவின் பெயரால் அழைக்கப்படுகிறான். அடுத்து அடாரி, சேகா பெயர்களால் அழைக்கப்படுகிறான். இறுதியில் ‘வீடியோ கேம்’ என்னும் பொதுப்பெயரால் அழைக்கப்படுகிறான். பழைய பெயர், விரிவடைந்த பொருள், புதிய பெயர் என மூன்று நிலைகளும் வரிசை குலையாமல் உள்ளன. தலைப்பிலிருந்து நீக்கப்பட்ட சொல் பாட்டில் தங்கிவிட்டது. அதே சொல் யூடியூப் கணக்கின் பெயரிலும் நெடுங்காலம் தங்கியிருந்தது. தொடர் பெயர் மாறிய பின்னும் கணக்கு ‘ஜேம்ஸ்நிண்டெண்டோநெர்ட்’ என்றே இருந்தது. ‘சினிமாசகர்’ என்னும் தயாரிப்புப் பெயர் அதன் இடத்துக்குப் பிற்பாடே வந்தது. பேச்சில் வழக்கொழிந்த சொல் ஊர்ப்பெயரிலும் பழமொழியிலும் உறைந்து கிடப்பதைப் போன்றதுதான் இது.

இதைக் கண்டபோது எனக்கு நினைவுக்கு வந்தவை, முதுகலை வகுப்பில் படித்த சோழர் மெய்க்கீர்த்திகள். முதலாம் இராசராசன் காலம்தொட்டுக் கல்வெட்டுகளின் தொடக்கத்தில் மெய்க்கீர்த்தி இடம்பெறுகிறது. தானமாகக் கொடுத்த நிலத்துக்கும் விளக்குக்கும் அதனோடு நேரடித் தொடர்பில்லை. மன்னனின் வெற்றிகளைச் சொல்லும் முகப்பு அது. ஆட்சி செல்லச் செல்லப் புதிய வெற்றிகள் சேர்ந்து அது நீளும். ஆட்சியாண்டு சிதைந்துபோன கல்வெட்டிலும், எந்த வெற்றி வரை கூறப்பட்டுள்ளது என்பதை நோக்கி அறிஞர்கள் காலம் கணிப்பர். செய்திதான் முக்கியம், மெய்க்கீர்த்தி வெறும் புகழ்ச்சி என்று ஒருவர் அதைப் படியெடுக்காமல் விட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும்? நான் செய்தது அதுதான்.

ஒரு வேறுபாடு உண்டு. கல்லில் வெட்டிய முகப்பு வெட்டியபடியே நிற்கும். காணொளியின் முகப்பு அப்படியன்று. யூடியூபில் ஒரு காணொளியின் தலைப்பை, அட்டைப் படத்தை, கணக்கின் பெயரை எப்போது வேண்டுமானாலும் மாற்றலாம். ஏறிய தேதியும் முகவரியும் மாறாமல் இருக்கும். தொடக்கத்தின் சில நொடிகளை வெட்டிவிடவும் முடியும். முகவரியும் பார்வை எண்ணிக்கையும் அப்படியே இருக்கும். 2006 என்ற தேதியின்கீழ் பிற்காலப் பெயர் நிற்பது இதனால்தான். இதில் வஞ்சகம் எதுவுமில்லை. ஒரு படைப்பாளி தன் பழைய படைப்புகளைப் புதிய பெயரின்கீழ்த் திரட்டுவது இயல்பு. அதைச் சமகாலச் சான்று என்று நம்பியது ஆய்வாளனின் பிழை.

முகப்பில் மற்றொரு அடுக்கும் உண்டு. ரோல்ஃபின் காணொளிகள் ஸ்க்ரூஅட்டாக், கேம்டிரெய்லர்ஸ் ஆகிய தளங்களின் வழியாகவும் வெளிவந்தன. அத்தகைய கூட்டுறவுகள் பாடலுக்கு முன்னே சின்னங்களாகப் பதியும். எந்தக் காலத்தில் யார் வெளியிட்டார், யாருடைய வருவாயில் தொடர் நடந்தது என்பதை அந்தச் சில நொடிகள் சொல்லும். கேம்டிரெய்லர்ஸ் தளம் 2016 பிப்ரவரியில் மூடப்பட்டது. ஒரு தளம் மூடப்பட்டபின், அதன் முத்திரை தாங்கிய படிகள் எங்கேனும் எஞ்சியிருந்தால்தான் அந்த உறவுக்குக் கண்கண்ட சான்று. மறுபதிப்பில் சின்னத்தை நீக்கிவிட்டால், தொடர் தொடக்கமுதல் ஒரே கையில் இருந்தது போன்ற தோற்றம் உண்டாகும்.

பெயர் மாற்றம் எல்லா இடத்திலும் சட்ட அச்சத்தால் வருவதில்லை. ஜப்பானில் ஃபுஜி தொலைக்காட்சியின் செயற்கைக்கோள் அலைவரிசையில் 2003 நவம்பரில் தொடங்கிய ‘கேம்சென்டர் சிஎக்ஸ்’ இதற்கு எதிரான சான்று. ‘சிஎக்ஸ்’ என்பது அந்த நிலையத்தின் அழைப்புக்குறியிலிருந்து வந்தது. நிறுவனத்தின் பெயரைத் தவிர்ப்பதற்கு மாறாக, நிறுவனத்தையே தலைப்பில் தாங்கிய தொடர் இது. தொகுப்பாளர் ஷின்யா அரினோ ‘யோய்கோ’ என்னும் இரட்டையர் நகைச்சுவைக் குழுவைச் சேர்ந்தவர். அலுவலகப் பணியாளரைப் போல் மேற்சட்டை அணிந்து, பழைய விளையாட்டொன்றை முடிக்க மணிக்கணக்கில் போராடுவார். நிகழ்ச்சி வளர வளர அவருக்குப் பதவி உயர்வு தரப்பட்டது. ‘ககாரிச்சோ’வாக இருந்தவர் ‘கச்சோ’ ஆனார், அதாவது பிரிவுத் தலைவர். பெயருக்குப் பின் பதவியைச் சேர்த்து விளிப்பது ஜப்பானிய அலுவலக மரபு. ஆகவே விளிச்சொல் மாறுவதே தொகுப்பாளரின் அடையாளம் மாறுவதாகும். பதவியைக் கேட்டே நிகழ்ச்சி எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று ஒழுங்காகப் பார்ப்பவர் அறிவார்.

அமெரிக்காவுக்கு அந்நிகழ்ச்சி சென்றபோது ‘ரெட்ரோ கேம் மாஸ்டர்’ ஆயிற்று. விளையாட்டில் பெரிய திறமையில்லாத ஒரு நடுத்தர அலுவலர் விடாமல் முயல்வதுதான் அதன் சுவை. ‘மாஸ்டர்’ என்றதும் அவர் வல்லுநராகிவிட்டார். விளிச்சொல்லில் இருந்த அலுவலகமும் ஏணிப்படியும் தலைப்பில் காணாமற் போயின. இந்தத் தலைப்பை மட்டும் வைத்துக்கொண்டு நாளை ஒருவர் ஆராய்ந்தால், ஜப்பானியர் தம் தொகுப்பாளரை வல்லுநராகக் கொண்டாடினர் என்றே எழுதக்கூடும். என் அட்டவணையின் பிழையும் இதே வகைதான்.

மூன்றாம் இயலை இப்போது திருத்தி எழுதிக்கொண்டிருக்கிறேன். பெயர்கள் சிறப்பிலிருந்து பொதுவை நோக்கி நகர்கின்றன என்ற என் முடிவுக்கு முதல் வரைவில் ஆதாரமே இல்லை. பக்கத் தலைப்புகளை மட்டும் பார்த்தால் இந்தத் தொடரில் எந்த நகர்வும் தெரியாது, தொடக்கமுதல் பொதுப்பெயரே இருந்ததுபோல் தோன்றும். முகப்பைச் சேர்த்துப் பார்த்த பிறகுதான் நகர்வு தெரிந்தது, அதன் காரணமும் தெரிந்தது.

இணையக் காணொளிகளைத் தரவாகக் கொள்வோருக்கு ஒரு வேண்டுகோள். ஏறிய தேதியையும் நாம் பார்த்த தேதியையும் தனித்தனியே குறியுங்கள். பக்கத்தில் உள்ள பெயரையும் காணொளிக்குள் ஒலிக்கும் பெயரையும் வெவ்வேறு நெடுவரிசைகளில் இடுங்கள். முதல் நொடியிலிருந்து எழுத்தாக்கம் செய்யுங்கள். சின்னங்களை, பாடலை, தொகுப்பாளரின் உடையைக்கூட ஒரு வரியில் பதிவு செய்யுங்கள். கூடுதல் உழைப்புத்தான். நானும் நாற்பதுக்கு மேற்பட்ட காணொளிகளை மீண்டும் முதலிலிருந்து பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

இத்துறையில் பணியாற்றும் நண்பர்கள் வேறு முறைகளைக் கையாண்டிருந்தால் அறிய விரும்புகிறேன். மாற்றுக் கருத்துகளையும் வரவேற்கிறேன்.