பாட்டில் இருந்த பாட்டியும் அட்டைப்படத்தில் இல்லாத பேரனும்

2021 மார்ச் 7 அன்று யூடியூபில் வெளியான ‘என்ஜாய் எஞ்சாமி’ பல கோடிப் பார்வைகளைக் கடந்தது. இங்கே பனியன் கம்பெனிகளிலும் அதுதான் ஓடியது. விசித்திர வேடங்களும் கண்ணைப் பறிக்கும் வண்ணங்களுமான அந்தக் காணொளியைப் பார்த்த பலர், அதை இயற்கையைக் கொண்டாடும் பாட்டு என்றே நினைத்தார்கள். அது பாதி உண்மைதான். மறுபாதி தேயிலைத் தோட்டத்தின் கதை.

பாட்டை எழுதிப் பாடிய அறிவு அரக்கோணத்துக்காரர். அவர் பாட்டி வள்ளியம்மாள் இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்தவர். வெள்ளைக்காரத் துரைமார் கங்காணிகளை வைத்துக் கடல்தாண்டிக் கொண்டுபோன கூலிகளில் பெரும்பகுதியினர் நிலமில்லாத தலித் மக்கள். காடழித்துத் தோட்டம் போட்ட அவர்களின் சந்ததியை 1948 குடியுரிமைச் சட்டம் நாடற்றவர்களாக்கியது. 1964இல் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் எனப் பங்குபிரித்தது. அந்த மக்களை யாரும் கேட்கவில்லை.

காட்சிகளின் பகட்டில் இந்த வரலாறு பின்னுக்குப் போய்விட்டது என்பதே என் முதல் விமர்சனம். பிறகு, எழுதியவரும் பின்னுக்குப் போனார். ராக் இசைக்குப் பேர்போன ‘ரோலிங் ஸ்டோன்’ பத்திரிகையின் இந்தியப் பதிப்பு, 2021 ஆகஸ்டில் இந்தப் பாட்டையும் சொல்லி ஓர் அட்டைப்படம் வெளியிட்டது. அதில் பாடகி தீயும் ஷான் வின்சென்ட் டி பாலும் இருந்தார்கள், அறிவு இல்லை. பா. ரஞ்சித் உள்ளிட்டோர் கேள்வி கேட்ட பிறகே அறிவுக்கென இன்னோர் அட்டை வந்தது. 2022 ஜூலையில் சென்னை செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழாவிலும் அவர் இல்லாமலே பாட்டு ஒலித்தது.

அறிவு தன் உழைப்பைச் சொல்லிப் பதிவிட்டார். இது மூவரின் கூட்டுப் படைப்பு, வருமானத்தில் மூவருக்கும் சமபங்கு என்று இசையமைப்பாளர் சந்தோஷ் நாராயணன் பதிலளித்தார். ரசிகர்கள் இரண்டாகப் பிரிந்து சண்டையிட்டார்கள். ஆனால் 2024 மார்ச்சில் அதே சந்தோஷ், இந்தப் பாட்டிலிருந்து தங்களுக்கு ஒரு பைசாகூட வரவில்லை என்றார்.

திருப்பூரில் இருப்பவர்களுக்கு இது புதிதல்ல. பனியனின் கழுத்தில் பிராண்டின் பெயர் இருக்கும், தைத்தவர் பெயர் இருக்காது. பீஸ் ரேட்டுக்காக டெய்லர்கள் தங்களுக்குள் மோதிக்கொள்வார்கள். லாபம் போகும் இடத்தை யாரும் கேட்பதில்லை.

பாட்டெழுதும் தம்பி தங்கைகளே, பெயரையும் பங்கையும் முதலிலேயே காகிதத்தில் எழுதி வாங்குங்கள். வீட்டில் பாட்டி இருந்தால், எந்தத் தோட்டம், எந்த வருஷம் என்று கேட்டு இன்றே எழுதி வையுங்கள்.