பெயர் பொறிக்காத மன்னன்: அடக்கம் குறித்துச் சில சிந்தனைகள்

புதுக்கோட்டையிலிருந்து ஏறத்தாழ 20 கிலோமீட்டர் தொலைவில், அன்னவாசலை அடுத்து, குடுமியான்மலை உள்ளது. பழங் கல்வெட்டுகள் இவ்வூரைத் திருநலக்குன்றம் என்று அழைக்கின்றன. சிகாநாதர் கோயிலுக்கு வருவோருள் பலர் ஆயிரங்கால் மண்டபத்தின் சிற்பங்களைக் கண்டு வியந்து திரும்பிவிடுவர். மேலைக்கோயில் என்று வழங்கும் குடைவரையை ஒட்டிய பாறைச் சரிவு வரை செல்வோர் சிலரே. கோயிற் கலையிலும் இசையிலும் ஈடுபாடுடையோர்க்கு அப்பாறை ஒரு புதையல். கிரந்த எழுத்தில் 38 வரிகளாக, ஏழு பிரிவுகளில், இசைச் சுரங்கள் அதில் பொறிக்கப்பட்டுள்ளன. 1904ஆம் ஆண்டு கண்டறியப்பட்ட இக்கல்வெட்டே குடுமியான்மலை இசைக் கல்வெட்டு. எழுத்தமைதி கொண்டு இதை 7ஆம் நூற்றாண்டினது என்பர்.

சில ஆண்டுகளுக்கு முன்பு நம் முதுகலை மாணவர்களுடன் அப்பாறையின் முன் நின்றோம். சுரக் கோவைகளை விளக்கும் இசைப் புலமை நமக்கில்லை. ஆகவே கல்வெட்டின் இறுதியிலுள்ள வடமொழிக் குறிப்பை மட்டும் விளக்கினோம். உருத்திராசாரியரின் மாணவனும் சிவபெருமானிடம் பேரன்பு பூண்டவனுமான அரசன், மாணவர்களின் நன்மைக்காக இச்சுரங்களை அமைத்தான் என்பது அதன் பொருள். ஆசிரியரின் பெயர் உண்டு. வழிபடு கடவுள் உண்டு. யார் பயன் கருதிச் செய்யப்பட்டது என்பதும் உண்டு. செய்த அரசனின் பெயர் மட்டும் இல்லை.

இது எத்துணை வியப்பிற்குரியது என்பதை அறியக் கல்வெட்டுகளின் பொது இயல்பை நினைத்துப் பார்க்க வேண்டும். தமிழகத்து மன்னர்கள் பெயர் சொல்லக் கூசியவர்கள் அல்லர். சோழர் மெய்க்கீர்த்திகளில் நிலமகளும் திருமகளும் மன்னனுக்கு உரியவராகி, வென்ற நாடுகள் அடுக்கப்பட்ட பிறகே கொடைச் செய்தி தொடங்கும். பல்லவன் முதலாம் மகேந்திரவர்மன் தன் விருதுப் பெயர்களைக் குடைவரைத் தூண்களில் வரிசையாக வெட்டுவித்தவன். குணபரன், மத்தவிலாசன், விசித்திரசித்தன், சித்திரகாரப்புலி என அப்பட்டியல் நீளும். செங்கல், மரம், உலோகம், சுதை ஆகியன இன்றிக் கோயில் எடுத்ததை மண்டகப்பட்டில் அவன் பெருமிதத்துடன் அறிவித்தான்.

குடுமியான்மலைக் கல்வெட்டை நெடுங்காலமாக அம்மகேந்திரவர்மனுக்கே உரியதாகப் பலர் எழுதி வந்தனர். பின்வந்த ஆய்வாளர் பலர் அதை ஏற்கவில்லை. வழக்கைத் தீர்க்கும் தகுதி நமக்கில்லை. எனினும் ஓர் ஐயம் எழுகிறது. வாய்ப்புக் கிடைத்த தூணில் எல்லாம் தன் விருதுகளைப் பொறித்த ஒருவன், இவ்வளவு பெரிய பாறை கிடைத்தும் தன்னை வெறும் 'மாணவன்' என்று சொல்லி அமைந்திருப்பானா? அமைந்திருந்தால் அது அவனுடைய மற்றெல்லாக் கல்வெட்டுகளையும் விட நம் வணக்கத்திற்குரியது. வேறொருவன் என்றால், தன் பெயர் காலத்தால் மறக்கப்படும் என்று அறிந்தே அவன் அதை விடுத்திருக்க வேண்டும். எவ்வாறாயினும் அந்த அடக்கத்தின் விலை பெரிது.

தமிழிலக்கணம் இவ்வடக்கத்திற்கு ஒரு பெயரும் முறையும் வகுத்துள்ளது. தொல்காப்பியச் செய்யுளியல் அவையடக்கியல் பற்றிப் பேசுகிறது. யான் சொல்வது செவ்வையாக அமையாவிடினும் அதனைத் திருத்தி ஏற்றுக்கொள்க என்று அவையோரைப் பணிந்து வேண்டுவது அதன் கருத்து. 13ஆம் நூற்றாண்டில் பவணந்தி முனிவர் இயற்றிய நன்னூல் இன்னும் ஒரு படி மேலே செல்கிறது. நூலாசிரியன் தனக்குத் தானே பாயிரம் பாடிக்கொள்ளலாகாது. அவனுடைய ஆசிரியரோ, உடன் பயின்றவரோ, மாணாக்கரோ, உரைகாரரோ பாட வேண்டும். ஒருவனுடைய தகுதி அவன் வாயால் அன்று, அவனுக்கு முன்னும் பக்கத்திலும் பின்னும் நிற்பவர்களின் வாயால் வெளிப்பட வேண்டும் என்பது இதன் உட்கிடை. குடுமியான்மலை அரசன் இவ்விதியை அறிந்திருக்க வழியில்லை. ஆயினும் முன்னே ஆசிரியரையும் பின்னே மாணவர்களையும் நிறுத்திவிட்டு, நடுவில் தன் இடத்தை வெறுமையாக விட்டிருக்கிறான்.

அவையடக்கம் வெறும் பணிவன்று, அது சொல்வன்மையின் ஒரு கூறுமாகும் என்பதையும் மறந்துவிடலாகாது. பாற்கடலை நக்கிக் குடித்துவிட முயலும் பூனையாகத் தன்னைச் சொல்லிக்கொண்ட கம்பன், அடுத்துப் பதினாயிரத்தை எட்டும் பாடல்களைப் பாடினான். பித்தர், பேதையர், அடியவர் ஆகியோர் சொல்லை ஆராய்ந்து குற்றம் காண்பார் உண்டோ என்றும் அவன் கேட்கிறான். இப்படிக் கேட்ட பிறகு குறை கூற எழும் புலவன் தன்னையே சிறுமைப்படுத்திக்கொள்கிறான். சேக்கிழாரோ, அடியாரின் பெருமையை அளக்க இயலாது என்று ஒப்புக்கொண்டு, அளவற்ற ஆசை உந்துவதால் சொல்லத் துணிந்ததாகக் கூறுகிறார். பூனையின் உவமையில் நகையும், பேதையர் என்ற சொல்லில் கேடயமும், ஆசை என்ற சொல்லில் உரிமைக் குரலும் ஒளிந்திருக்கின்றன. பணிவது போலப் பணிந்து, அவையைத் தன் வசமாக்கிக்கொள்ளும் கலை இது.

இதனை வஞ்சகம் என்று கொள்ளத் தேவையில்லை. பாட வந்த பொருள் தன்னைவிடப் பெரிது என்பதைக் கம்பன் மெய்யாகவே உணர்ந்திருந்தான். அவ்வுணர்வே அவன் உத்தியாகவும் ஆயிற்று. தற்புகழ்ச்சி தகாது என்று விதித்த நன்னூலே அதற்கு விலக்கும் தருகிறது. அரசவைக்கு ஓலை எழுதும்போதும், தன் திறம் அறியாதார் முன்னும், பேரவையில் வாதத்தில் வெல்ல வேண்டிய இடத்தும், எதிரி தன்னைப் பழித்துரைக்கும்போதும் தன்னைத் தானே புகழலாம். அடக்கம் எல்லா இடத்துக்கும் பொதுவான ஒரே மருந்தன்று என்பதை இலக்கண ஆசிரியர்கள் அறிந்திருந்தனர். திருக்குறளும் அடக்கமுடைமைக்கு ஓர் அதிகாரம் வைத்ததோடு நில்லாமல், அவையறிதலை அடுத்து அவையஞ்சாமைக்கும் ஓர் அதிகாரம் வைத்திருக்கிறது.

இதே புதுக்கோட்டை மண்ணில் அடக்கம் அரசியலாகவும் ஆனதுண்டு. தொண்டைமான் மன்னர்கள் திருக்கோகர்ணத்து அம்மன் பிரகதாம்பாளைக் குலதெய்வமாகக் கொண்டு, பிரகதாம்பாதாஸ் என்று தங்களை அழைத்துக்கொண்டனர். அம்மனின் அடிமை என்பது அதன் பொருள். இச்சமஸ்தானத்தின் அம்மன் காசில் ஒருபுறம் அமர்ந்த கோலத்தில் அம்மன் உருவமும், மறுபுறம் 'விஜய' என்ற சொல் தெலுங்கு எழுத்திலும் இருக்கும். மன்னன் முகம் இராது. திருவிதாங்கூரில் 1750ஆம் ஆண்டு மார்த்தாண்ட வர்மர் நாட்டைப் பத்மநாபசுவாமிக்கு அர்ப்பணித்துப் பத்மநாபதாசர் ஆனதும் இவ்வகையே. இறைவிக்கு அடிமையான மன்னனை எதிர்ப்பவன் இறைவியையே எதிர்ப்பவன் ஆகிறான். கீழே இறங்கி நிற்பது போலத் தோன்றி, எவரும் எட்டாத உயரத்தில் அரியணையை வைத்துவிடும் சூழ்ச்சித் திறம் அதில் உண்டு. பக்தியும் உண்டு. இரண்டையும் பிரித்து எடை போடும் தராசு வரலாற்றாசிரியரிடம் இல்லை.

இதுவரை சொன்னவர்கள் அனைவரும் அடங்கவும் அடங்காதிருக்கவும் உரிமை பெற்றவர்கள். அரசன் தன் பெயரை மறைக்கலாம், ஏனெனில் பொறிக்கவும் அவனால் முடியும். அடக்கத்தை விரும்பி அணிந்தோர் உண்டு. அதனைப் பிறர் அணிவித்தோரும் உண்டு. இரண்டாம் வகைக்குச் சான்று தேடி நாம் வெகுதொலைவு போக வேண்டியதில்லை.

1886ஆம் ஆண்டு புதுக்கோட்டையில் பிறந்த முத்துலட்சுமி, ஆண்கள் மட்டுமே பயின்று வந்த மன்னர் கல்லூரியில் சேர விண்ணப்பித்தபோது எதிர்ப்பு எழுந்தது. பெண் ஒருத்தி வந்தால் மாணவர் ஒழுக்கம் கெடும் என்றனர். அவருடைய தாயார் தேவதாசி மரபில் வந்தவர் என்பதும் எதிர்ப்புக்குக் காரணமாயிற்று. மன்னர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் இசைவளித்ததால் இடம் கிடைத்தது. எனினும் வகுப்பில் அவர் திரைக்குப் பின்னால் அமர்ந்து பாடம் கேட்டார் என்று அவர் வரலாற்றை எழுதியோர் குறிப்பிடுவர். அந்தத் திரைக்குச் சமூகம் இட்டிருந்த பெயரும் அடக்கம்தான். அத்திரையைக் கடந்து 1912ஆம் ஆண்டு சென்னை மருத்துவக் கல்லூரியில் பட்டம் பெற்றார். 1927ஆம் ஆண்டு சென்னை மாகாணச் சட்டசபையின் துணைத் தலைவரானார். கோயில்களுக்குப் பெண்களைப் பொட்டுக்கட்டும் வழக்கத்தை ஒழிக்க அச்சபையில் அவர் எழுப்பிய குரல் 1947ஆம் ஆண்டு சட்டமாக நிறைவெய்தியது. அவையஞ்சாமை என்ற அதிகாரத்திற்கு நம் மாவட்டம் தந்த உரை என்று அவர் வாழ்வைச் சொல்லலாம்.

மீண்டும் குடுமியான்மலைப் பாறைக்கு வருவோம். அரசன் தன் பெயரை விடுத்த செய்தியைச் சற்று உருக்கமாகவே சொல்லி முடித்திருந்தோம். மாணவி ஒருவர் பின்வரிசையிலிருந்து பேசினார். வகுப்பில் எதைக் கேட்டாலும் 'தவறாக இருந்தால் மன்னிக்கவும் ஐயா' என்று தொடங்குபவர். அந்தத் தொடக்கத்தை நல்ல பண்பு என்று நாமும் இரண்டு ஆண்டுகளாகப் பாராட்டி வந்தோம். அன்றும் அப்படியே தொடங்கி, "அரசன் பெயர் சொல்லாதது அடக்கம் என்கிறீர்கள். இதைக் கல்லில் வெட்டியவர் பெயரும்தான் இல்லை. அது என்ன?" என்று கேட்டார்.

நம்மிடம் விடை இல்லை. 38 வரிகளையும் நுண்ணிய குறிகளுடன் பிழையற வெட்டிய கை யாருடையது என்று நாம் ஒருமுறையும் நினைத்துப் பார்த்ததில்லை. அக்கையின் மௌனத்தை எவரும் அடக்கம் என்று போற்றியதும் இல்லை. சில கல் தொலைவிலுள்ள சித்தன்னவாசலில், 9ஆம் நூற்றாண்டில் அறிவர் கோயிலைப் புதுப்பித்த மதுரை ஆசிரியன் இளங்கௌதமன் தன் பெயரைக் கல்லில் விட்டுச் சென்றிருக்கிறார். அதை எவரும் செருக்கு என்று சொல்வதில்லை. செய்த பணியின் கீழ்ப் பெயர் எழுதுவது செருக்கன்று. பணி செய்தும் பெயர் எழுத இடமில்லாதிருப்பது அடக்கமும் அன்று.

திரும்பும் பேருந்தில் நம் மனத்தை வேறொன்று உறுத்தியது. முதல் தலைமுறையாகக் கல்லூரிக்கு வரும் பிள்ளைகள் வகுப்பில் வாய் திறவாதிருப்பதை 'அடக்கமான பிள்ளை' என்று நற்சான்றிதழில் எத்தனை முறை எழுதியிருப்போம்! அது அடக்கமா, அச்சமா, கேட்டு அறிய வாய்ப்புத் தரப்படாமையா என்று ஆராய்ந்தோமா? கம்பனின் பூனை கடலின் கரையில் அஞ்சி நின்றுவிடவில்லை. நக்கத் தொடங்கிவிட்டது. அவையடக்கத்திற்குப் பிறகு ஒரு நூல் வர வேண்டும். நூல் வராத அவையடக்கத்தைப் பாராட்டுவதில் ஆசிரியருக்குப் பெருமை இல்லை.

அம்மாணவி இன்றும் 'தவறாக இருந்தால் மன்னிக்கவும்' என்றே தொடங்குவார் என்று நினைக்கிறோம். அதை மாற்றச் சொல்லவில்லை. ஆனால் அந்தச் சொற்களோடு அவர் நின்றுவிடாதபடி, 'மேலே சொல்லுங்கள் அம்மா' என்று சொல்வதை நாம் வழக்கமாக்கிக்கொண்டோம். மாணவர்களின் நன்மைக்காக என்று பாறையில் எழுதிச் சென்ற அந்தப் பெயர் தெரியாத ஆசிரியனிடமிருந்து, காலம் தாழ்ந்தேனும், நாம் கற்றுக்கொண்ட பாடம் இது.