ஃபோர்டு டாரஸ்: இரண்டு முறை நிறுத்தப்பட்ட கார்

2006 அக்டோபர் 27. அமெரிக்காவில் அட்லாண்டாவை ஒட்டிய ஹேப்வில் என்ற சிற்றூர். 1947 முதல் ஓடிக்கொண்டிருந்த ஃபோர்டு தொழிற்சாலையிலிருந்து கடைசி கார் வெளியே வந்தது. அது ஒரு டாரஸ். அதை வாங்கியவர் சிக்-ஃபில்-ஏ உணவகங்களை நிறுவிய ட்ரூயட் கேதி. அந்தத் தொழிற்சாலைக்குப் பக்கத்தில் அவர் நடத்திய சின்னக் கடைதான் அவருடைய முதல் கடை. ஷிஃப்ட் முடித்து வந்த தொழிலாளர்கள் சாப்பிட்டு வளர்த்த கடை அது! கடைசி காரோடு தொழிற்சாலையும் மூடப்பட்டது. சுமார் 2,000 பேருக்கு அங்கே வேலை இல்லாமல் போனது.

இத்தனைக்கும் ஒரு காலத்தில் ஃபோர்டையே காப்பாற்றிய கார் இது. 1980 முதல் 1982 வரை மூன்றே ஆண்டுகளில் அந்த நிறுவனத்துக்கு 300 கோடி டாலருக்கு மேல் நஷ்டம். பெட்ரோல் விலை ஏற்றம் ஒரு பக்கம், ஜப்பான் கார்கள் மறுபக்கம். அந்த நிலையிலும் கிட்டத்தட்ட அதே அளவு பணத்தை ஒரே காரில் கொட்டத் துணிந்தார்கள். தோற்றிருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும்.

அதுவரை டெட்ராய்ட்டில் ஒரு காரை வரைபவர் வரைந்து எஞ்சினியரிடம் தருவார், அவர் தொழிற்சாலைக்குத் தள்ளுவார், விற்பவர் கடைசியில்தான் காரையே பார்ப்பார். (நம் கல்லூரிகளில் குரூப் பிராஜெக்ட் நடக்கும் லட்சணம்தான்!) லூயிஸ் வெரால்டி என்ற அதிகாரி இதை மாற்றினார். எல்லோரையும் முதல் நாளே ஒரே குழுவில் உட்கார வைத்தார். போட்டி கார்களை வாங்கிப் பிரித்துப் போட்டு, எதில் எது சிறப்பு என்று சுமார் 400 அம்சங்களைப் பட்டியலிட்டார்கள். போல்ட் முடுக்கும் தொழிலாளியிடமும் யோசனை கேட்டார்கள்.

1985 டிசம்பரில் கார் விற்பனைக்கு வந்தது. பெட்டி பெட்டியாக இருந்த கார்களுக்கு நடுவே ஜாக் டெல்நாக் குழு வடிவமைத்த வழவழப்பான உருவம். ஜெல்லி மிட்டாய் என்று கேலி செய்தவர்களும் உண்டு. 1987-ல் வந்த ரோபோகாப் படத்தில் எதிர்காலப் போலீஸ் கார்களாக ஓடியவை டாரஸ்தான் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள். 1986-ல் ஃபோர்டின் லாபம் ஜெனரல் மோட்டார்ஸின் லாபத்தை மிஞ்சியது. 1924-க்குப் பிறகு அப்படி நடந்தது அதுவே முதல் முறை. 1992-ல் ஹோண்டா அக்கார்டை முந்தி, நான்கு லட்சத்துக்கும் மேல் விற்று, அமெரிக்காவில் அதிகம் விற்ற கார் ஆனது. 1996 வரை அந்த இடத்தை விடவில்லை.

பிறகு என்ன ஆயிற்று? 1996 மாடலில் எங்கு பார்த்தாலும் முட்டை வடிவம். பின் கண்ணாடிகூட முட்டைதான்! வாங்குபவர்களுக்குப் பிடிக்கவில்லை. 1997-ல் டொயோட்டா கேம்ரி முதலிடத்துக்கு வந்தது. ஆனால் வடிவத்தை மட்டும் குறை சொல்வது சரியல்ல. எஸ்யூவியிலும் பிக்கப் லாரியிலும் லாபம் கொட்டியது. முதலீடும் அங்கேயே போனது. டாரஸை வாடகை கார் கம்பெனிகளுக்கு மொத்தமாகத் தள்ளிவிட்டார்கள். அவை கொஞ்ச காலத்தில் பழைய கார் சந்தைக்கு வந்து குவியும், மறுவிற்பனை விலை சரியும், பிறகு சொந்தக் காசில் புதிதாக வாங்க யார் வருவார்? ஃபோர்டு தன் கையாலேயே செய்துகொண்ட காரியம் இது.

2006 செப்டம்பரில் போயிங்கிலிருந்து தலைமைப் பொறுப்புக்கு வந்த ஆலன் முலாலிக்கு டாரஸ் என்ற பெயரைக் கைவிட்டது பிடிக்கவில்லை. போயிங்கில் இருந்தபோதே டாரஸ் குழுவின் வேலைமுறையைப் படித்தவர் அவர். 2007 பிப்ரவரியில், சரியாக விற்காத ஃபைவ் ஹண்ட்ரட் என்ற காருக்கு டாரஸ் பெயரை வைத்தார். பெயர் திரும்பியது, கூட்டம் திரும்பவில்லை. ஓர் ஆண்டில் ஒரு லட்சத்தைக்கூட அது தொடவில்லை.

2018 ஏப்ரலில், வட அமெரிக்காவில் செடான் கார்களைக் கைவிடப் போவதாக ஃபோர்டு அறிவித்தது. 2019 மார்ச் 1 அன்று சிகாகோவில் டாரஸ் இரண்டாவது முறையாக நின்றது. இந்த முறை ஆலை மூடப்படவில்லை. அங்கே எக்ஸ்ப்ளோரர் எஸ்யூவி தயாரிப்பு தொடர்ந்தது.

ஹேப்வில் ஆலை இடிக்கப்பட்டுவிட்டது. அந்த இடத்தில் 2015-ல் போர்ஷே நிறுவனம் தன் வட அமெரிக்கத் தலைமையகத்தைத் திறந்தது. கார் ஓட்டிப் பார்க்க ஒரு டிராக்கும் உண்டு.